வாளிக்கு வைத்த அரக்கு

சிரித்தால் தெரிகிற என் ஓரப்பல் ஒன்று உடைந்தபோது, நாகர்கோவில் பல் டாக்டர் அதன்மேல் தங்க உறை போட்டுவிட்டார். மகளைப் பெண் பார்க்க வருகிற அன்று காலையில், பலகாரத்தின் பதம் பார்க்க ஒரு முந்திரிக்கொத்தைக் கடித்தேன். உறை கழன்று கையில் வந்துவிட்டது.

மாப்பிள்ளை வீட்டார் வந்து இறங்குகிற நேரம். எங்கள் பூதப்பாண்டியிலிருந்து நாகர்கோவிலுக்கு பஸ் ஏறவா முடியும்? ஓட்டை வாளியை அடைக்க எடுத்துவைத்திருந்த பலாச்சக்கைப் பால் இறுகிய அரக்கு கண்ணில் பட்டது. அதைச் சூடுகாட்டி இளக்கி, உறைக்குள் வைத்துப் பல்லில் அழுத்தினேன். நன்றாகப் பிடித்துக்கொண்டது. சம்பந்தமும் பேசி முடிந்தது.

"ஏட்டி, டாக்டர்கிட்ட ஒரு நடை போயிட்டு வா" என்றாள் என் அண்ணன் மனைவி.

"அவருகிட்ட இதவிட நல்ல பசையா இருக்கு, மைனி?" என்றேன். அத்தனை திமிர் எனக்கு!

மறுவாரம் கன்னம் வீங்கிக் காய்ச்சலும் வந்தது. டாக்டர் உறையைக் கழற்றிப் பார்த்து முகம் சுளித்தார்.

"வாளிக்கு வைக்கிறதயா வாயில வச்சிய? உள்ள சோறு போய் அழுகியிருக்கு. இன்னும் கொஞ்சம் விட்டிருந்தா பல்லப் பிடுங்கணும். வேரு நல்லா இருக்கு, பயப்படாதிய."

சுத்தம் செய்து, வீக்கம் வற்றியபின் அதே உறையை முறைப்படி பொருத்தினார்.

இப்போதெல்லாம் உறை லேசாக ஆடினாலே முதல் பஸ்ஸில் ஏறிவிடுகிறேன். மகள் கல்யாணத்துக்கும் முந்திரிக்கொத்து சுட்டோம். பதம் பார்க்கிற வேலையை மைனியிடம் விட்டுவிட்டு, சிரிக்கிற வேலையை நான் எடுத்துக்கொண்டேன்.