படகோட்டி ஏன் பின்னால் வருகிறார்?

போன கிழமை டிரெஸ்டனில் இருந்து ஒரு மின்னஞ்சல். எழுதியவர் கார்த்திக். சென்னைக்காரர், அங்கே ஆராய்ச்சி செய்கிறாராம். நாங்கள் முன்பு செய்த ஒரு கம்ப்யூட்டர் விளையாட்டின் முடிவில் ஓடும் பெயர்ப் பட்டியலில் என்னைத் தேடிப் பிடித்திருக்கிறார்.

"சார், உங்க பழைய கேமை இப்போ உள்ள கம்ப்யூட்டர்ல ஓட வெச்சுட்டேன். ஒரே ஒரு பக். படகோட்டி 'வாறன்'னு சொல்லிட்டுக் கிளம்பணும். ஆனா இறங்கி, ஹீரோ பின்னாடியே வர்றார்! ஃபிக்ஸ் பண்ணிடட்டுமா?"

எத்தனை ஜெர்மன்காரர் விளையாடியிருப்பார்கள்... ஒருத்தருக்கும் பிடிபடாத பிழை, ஒரு தமிழரின் காதில் விழுந்துவிட்டது!

பிழை விட்டவன் நான்தான். சொல்லுறன், கேளுங்கோ.

ஹம்பேர்க்கில், அல்டோனாவில், ஒரு சைக்கிள் கடைக்கு மேல் மாடியில் எங்கள் கேம் ஸ்டுடியோ இருந்தது. ஏழு பேர். முதலாளி காத்ரின். நான் சத்தங்களுக்குப் பொறுப்பு. துடுப்புச் சத்தம் வேண்டுமா? வாளித் தண்ணீரில் அகப்பையைப் போட்டு அடிப்பேன். குரல் பதிவா? ஜாக்கெட்டுகள் தொங்கும் அலுமாரிக்குள் மைக்கோடு புகுந்துவிடுவேன்.

"அலுமாரிக்குள்ளை இருந்து கத்துறதும் ஒரு வேலையோ?" என்று வீட்டில் என் மனுசி கேட்பாள். ஓம், வேலைதான். அதைப்போல ஒரு வேலை எனக்குப் பிறகு கிடைக்கவேயில்லை.

அந்தப் படகோட்டி ஹீரோவைத் தீவில் இறக்கிவிட்டுத் திரும்பிப் போகவேண்டியவர். "இந்த ஆளுக்கு ஒருத்தருக்கும் விளங்காத மொழி வேண்டும். உன் மொழியில் பேசு" என்றாள் காத்ரின். பேசினேன். கடைசி வசனம் — "அப்ப நான் வாறன்." பிறகு அர்த்தம் கேட்டாள். அவசரத்தில் சொல்லுக்குச் சொல் ஜெர்மனில் எழுதிக் கொடுத்தேன்: 'நான் வருகிறேன்.'

வருகிறேன் என்றால் வரத்தானே வேண்டும்? காத்ரின் அவரைப் படகிலிருந்து இறக்கி நடக்க விட்டுவிட்டாள்!

நான் கண்டபோது டிஸ்க் எல்லாம் அடித்தாயிற்று. சொல்ல வெட்கம்... வாயை மூடிக்கொண்டேன். கடைசியில் பார்த்தால், விளையாடியவர்களுக்கு அந்த மனுசனைத்தான் நல்லாப் பிடித்துப்போனது. ஆபத்தான தீவில் தனியே விட்டுப் போகாத ஆள் அல்லவா?

இரண்டாவது விளையாட்டு இழுபட்டது. வெளியிட இருந்த கம்பனி கைவிரித்தது. ஒரு வெள்ளிக்கிழமை ஸ்டுடியோவைப் பூட்டினோம். அவ்வளவுதான் எங்கள் சரித்திரம்.

கார்த்திக், 'வாறன்' என்றால் என்ன என்று காத்ரினுக்கும் விளக்கி எழுதியிருந்தார். அன்று பின்னேரமே அவளிடமிருந்து போன். இருபது வருசத்துக்குப் பிறகு அந்தக் குரல்!

"அது போகும்போது சொல்லும் சொல்லா?" என்று கேட்டுச் சிரித்தாள். நானும் சிரித்தேன். பிறகு அவள் சிரிப்பு நின்றது.

"ஒவ்வொரு பின்னேரமும் உன் மொழியில் அதைச் சொல்லிவிட்டுப் போவாய். அடுத்த நாள் வந்துவிடுவாய். கடைசி வெள்ளிக்கிழமையும் அதையே சொன்னாய். திங்கட்கிழமை ஸ்டுடியோவைக் காலி செய்ய, மேசைகளை இறக்க வருவாய் என்று உனக்கும் கோப்பி போட்டு வைத்திருந்தேன்."

ஏன் போகவில்லை? வெறும் அறையைப் பார்க்க ஏலாது என்று வீட்டில் கிடந்தேன். ஏழு பேரின் மேசைகளை அவள் தனியே இறக்கியிருக்கிறாள். அதற்குப் பிறகு எஸ்-பான் ரயில் அல்டோனாவில் நிற்கும்போதெல்லாம் போனைப் பார்க்கிற சாட்டில் குனிந்துகொள்வேன். அந்த மாடிப்படியை இன்னொருக்கா ஏற எவ்வளவு ஆசைப்பட்டேன் தெரியுமா? மேலே ஒருத்தரும் இல்லை என்று தெரிந்தும்தான்.

கார்த்திக்குக்கு எழுதினேன்: "திருத்த வேண்டாம் தம்பி. அந்த மனுசனாவது வரட்டும்."

காத்ரின் இப்பவும் அல்டோனாவில்தான் இருக்கிறாளாம். போனை வைக்கமுதல், "சனிக்கிழமை கோப்பிக்கு வருகிறாயா?" என்று கேட்டாள். வழக்கம்போல அந்தச் சொல் வாய்வரை வந்துவிட்டது. பக்கத்தில் நின்ற மனுசி முறைத்தாள். "இஞ்சாருங்கோ, சும்மா சொல்லிப்போட்டு இருந்திடாதேங்கோ!"

'ம்' என்றதோடு நிறுத்திக்கொண்டேன்.

சனிக்கிழமை, போய் அவள் வீட்டு மணியை அடித்தேன்.