கால் படாத ஏழு நாள்

ஏழு நாள் ஊர்த் திடலைச் சுற்றிச் சுற்றி, சைக்கிளை விட்டு இறங்காமல் ஓட்டுவது என் தொழில். அப்போது ஊரில் டி.வி. கிடையாது. நானும் மைக்கில் பேசும் கூட்டாளியும் ஊர் ஊராகப் போவோம். சாப்பாடு, குளியல், பல் விளக்குவது எல்லாம் சைக்கிள் மேலேயே. கால் மட்டும் தரையில் படக் கூடாது. பட்டால் அந்த ஊரோடு பக்கத்து ஊரும் கூப்பிடாது என்று கூட்டாளி சொல்வான். நம்பினேன். ஒரு தடவையும் பட்டதில்லை.

இண்டூரில் ஐந்தாம் நாள். ஒரு பெரியவர், "ஏம்பா, குண்டி எரியலியா?" என்றார்.

"வூட்டுக்காரிகிட்ட திட்டு வாங்குறதுக்கு இது எவ்வளவோ மேலுங்க."

கூட்டம் சிரித்தது. சிரிப்பு அடங்குவதற்குள் என் மனைவி வந்துவிட்டாள். நல்லம்பள்ளியிலிருந்து பஸ்ஸில் வந்திருந்தாள். தோளில் மகள். இரண்டு வயது.

சைக்கிள் நிற்கக் கூடாது. அவள் பக்கத்தில் நடந்துகொண்டே பேசினாள்.

"மூணு நாளா காய்ச்சல் வுடலீங்க. தருமபுரி ஆஸ்பத்திரிக்குப் போவணும். நீங்களும் வாங்க."

"இன்னும் ரெண்டே நாளு. நீ கூட்டிட்டுப் போ. முடிச்சதும் வந்துர்றேன்."

"எனக்குப் பயமா இருக்குதுங்க."

மிதித்துக்கொண்டே இருந்தேன். மகள் கையை நீட்டினாள். வீட்டுக்குப் போனால் அவளைச் சைக்கிள் பாரில் வைத்துத் தெருவைச் சுற்றுவேன். வாங்கி முன்னால் வைத்துக்கொண்டேன். மூன்று சுற்று. தலை என் நெஞ்சில் கிடந்தது. பனியன் வழியாகச் சுட்டது.

"பாருங்கய்யா, புள்ளையோட ஓட்டுறாரு. கை தட்டுங்க" என்றான் கூட்டாளி. தட்டினார்கள்.

திருப்பிக் கொடுத்தேன். மனைவி போய்விட்டாள்.

ஏழாம் நாள் சாயங்காலம் மேளம் அடித்து, மாலை போட்டு இறக்கினார்கள். கூட்டத்தில் மச்சினன் நின்றிருந்தான்.

"எப்படா வந்த?"

"காலையிலயே மாமா."

"ஏன் கூப்புடல?"

"கால் கீழ படக் கூடாதுன்னு நீங்கதான சொல்லுவீங்க."

அதற்குப் பிறகுதான் சொன்னான். அன்று விடியற்காலை ஆஸ்பத்திரியிலேயே மகள் போய்விட்டாள். மத்தியானம் வரை எனக்காக வைத்திருந்து, அடக்கம் செய்துவிடுவதாகப் பேச்சு.

மாலை போட்டவர் அந்தப் பெரியவர்தான். "ஒரு வார்த்தை சொல்லியிருந்தா நாங்களே எறக்கி அனுப்பியிருப்போமேப்பா. நாங்க என்ன மனுசங்க இல்லியா?" என்றார். கூட்டாளி மைக் ஒயரைச் சுருட்டிக்கொண்டிருந்தான்.

ஏழு நாள் ஓட்டிய கால் உடனே நடக்காது. இரண்டு பேர் தாங்கி பஸ் ஏற்றினார்கள். நல்லம்பள்ளியில் மச்சினன் என்னை முதுகில் தூக்கிக்கொண்டு இடுகாட்டுக்குப் போனான். சின்ன குழிமேடு. மண் ஈரமாக இருந்தது. அங்கே இறக்கிவிட்டான். நிற்க முடியவில்லை. உட்கார்ந்துகொண்டேன்.

வீட்டில் மனைவி திட்டுவாள் என்று இருந்தேன். திட்டவில்லை. தண்ணீர் காய வைத்து என் காலுக்கு ஊற்றினாள். வீக்கம் வடிகிற வரைக்கும் ஊற்றினாள்.

அப்புறமும் பல வருஷம் ஓட்டினேன். வேறு தொழில் தெரியாது. அவள் ஒரு நாளும் திட்டியதில்லை.