கெளுத்தியின் பதிவுப்பெயர்

“வேலைவெட்டி இல்லாதவள்னு என் பொண்ணச் சொல்றியே நில்சா, உன் மகளோட பதினஞ்சாவது பொறந்தநாள யாரு படம் பிடிச்சா? வர்றவங்க போறவங்களுக்கெல்லாம் இன்னும் போட்டுக் காட்டிட்டுத்தான இருக்க?”

ஒடெட்டி வாசல் கம்பியைப் பிடித்துக்கொண்டு கத்தினாள். எதிர்வீட்டு நில்சா கூட்டுவதை நிறுத்தவில்லை.

“பிடிச்சா, இல்லேங்கல. நாப்பத்தொண்ணு ஆச்சு அவளுக்கு. மீன்காரனுக்குப் பவுடர் பூசி அழு அழுன்னு கேமராவத் தூக்கிட்டு அலையுறா. ஊரே சிரிக்குது.”

“ஊரு இல்ல, நீ சிரிக்கிற.”

ஒடெட்டியின் மகள் ஜசிரா சும்மா இருந்தவளே அல்ல. பெனேடோ ஊரில் எந்தக் கல்யாணமானாலும் ஞானஸ்நானமானாலும் படம்பிடிக்க அவள்தான். அந்தக் கூலியில் ஞாயிற்றுக்கிழமைகளில் தன் படத்தை எடுத்தாள். நடிகர்கள் தெருக்காரர்கள். முதல் குறும்படத்தை ஐஸ் கிடங்குச் சுவரில் படுக்கை விரிப்பைக் கட்டி ஓட்டினாள். பாதியில் மழை வந்தது, ஒருவரும் எழுந்து போகவில்லை. அப்புறம் இன்னும் ஐந்து குறும்படம். ஏழாவதுதான் முழுநீளம், அதற்கு நாலு வருஷம். அரசாங்க உதவிக்கு மூன்று தடவை எழுதிப் போட்டாள், மூன்று தடவையும் கையை விரித்தார்கள். இப்போது ரியோவில் ஒரு படவிழா அதைத் தேர்ந்தெடுத்திருக்கிறது.

அந்தச் சேதி வந்ததிலிருந்துதான் வீட்டில் நிம்மதி போனது. படத்தைக் காட்டச் சம்மதம் என்று நடித்தவர்கள் எல்லாரும் கொடுத்த ஒப்புதல் தாள் விழாவுக்கு வேண்டும். முப்பத்திரண்டு தாளும் இருந்தன. ஆனால் ஜசிரா வாத்து, நெட்டை, குடுவை என்று தெருவில் கூப்பிடும் பெயரையே எழுதி வைத்திருந்தாள். இங்கே முப்பது வருஷம் சேர்ந்து குடித்தவனின் சான்றிதழில் உள்ள பதிவுப்பெயர்கூட யாருக்கும் தெரியாது. பட்டப்பெயர் செல்லாது, வெள்ளிக்கிழமை மதியத்துக்குள் சரியான தாள் வராவிட்டால் படம் கிடையாது என்று விழாக்காரர்கள் சொல்லிவிட்டார்கள்.

மூன்று நாள் அலைந்து முப்பத்தொன்றைச் சரிசெய்தாயிற்று. படத்தில் அப்பாவாக நடித்த மீன்காரன் கெளுத்திதான் பாக்கி. அவன் முகத்துவாரத்துப் பக்கம் படகு வேலைக்குப் போய்விட்டான், போனும் கிடையாது. புதன்கிழமையான இன்று காலை ஜசிரா அங்கத்து மீனவர் சங்கத்துக்குப் பேசினாள்.

“கெளுத்தியா? நாலு கெளுத்தி இருக்காங்கம்மா. பதிவுப்பேரச் சொல்லுங்க.”

ஜசிரா போனை வைத்துவிட்டு ஆறிப்போன காபியையே பார்த்துக்கொண்டிருந்தாள். ஒடெட்டி எதிர்வீட்டைப் பார்த்தாள். இருபது வயதில் கெளுத்திக்கும் நில்சாவுக்கும் கல்யாணம் பேசி, மாதா கோயிலில் மூன்று ஞாயிறு முழுப்பெயரோடு கல்யாண அறிவிப்பு ஓலை வாசித்த பிறகு அது நின்றுபோனது. கேட்டவர்கள் மறந்திருப்பார்கள், ஊரில் இன்னும் அந்தப் பெயரைச் சொல்லக்கூடியவள் நில்சா ஒருத்திதான்.

ஒடெட்டி தெருவைக் கடந்தாள்.

“நில்சா, இப்பப் பேசினதுல ஒரு வார்த்தைகூடத் திருப்பி வாங்கமாட்டேன். ஆனா கெளுத்தியோட முழுப்பேரு வேணும்.”

நில்சா விளக்குமாற்றைக் கீழே போட்டாள்.

“தெருவுல எல்லாரையும் நடிக்கக் கூப்பிட்டா உன் மக. என் நாய் நடிச்சிருக்கு ஒடெட்டி. என் நாய்! என்னைக் கூப்பிடல.”

“கூப்பிட்டிருக்கணும்,” என்றாள் ஒடெட்டி கடைசியில். பல்லைப் பிடுங்கியது போல இருந்தது அவளுக்கு.

நில்சா எங்கோ பார்த்துக்கொண்டே சொன்னாள், “எர்மெனெஜில்டோ வியேரா.”

பெயரைச் சொன்னதும் எந்தக் கெளுத்தி என்று சங்கத்தில் சொல்லிவிட்டார்கள். நாளை விடியுமுன் அவன் படகு கடலுக்குப் போகிறது, திரும்பச் சனிக்கிழமை ஆகும். முகத்துவாரத்துக்குப் போகும் பன்னிரண்டு மணி வேனை விட்டால் வேறு வழியில்லை. ஜசிரா தாளை அட்டைக்குள் வைத்தாள். கெளுத்திக்கு எழுதத் தெரியாது, மைப்பெட்டியையும் எடுத்துக்கொண்டாள்.

“கைநாட்டு வைக்கமாட்டேன்னுட்டா என்னம்மா பண்றது? படத்துல அழுததுக்கு எல்லாரும் கிண்டல் பண்ணித்தான் ஊரவிட்டே போனான்.”

“ரியோவுல அவனத்தான் தேடுறாங்க, கிண்டல் பண்ணவனையெல்லாம் இல்லன்னு சொல்லு. முதல்ல கிளம்பு.”

திருப்பத்தில் வேன் ஹாரன் கேட்டது. செருப்பு வாரைக்கூட மாட்டாமல் ஜசிரா வாசலைத் தாண்டி ஓடினாள்.