சில்வஸ்டர் கம்பவுண்டரின் வைத்தியம்

எங்கள் ஓவேலி எஸ்டேட்டில் சில்வஸ்டர் என்று ஒரு கம்பவுண்டர் இருந்தார். இருபது வருடம் டிஸ்பென்சரி நாற்காலியைத் தேய்த்ததைத் தவிர அவர் வேறு என்ன செய்தார் என்று எனக்குத் தெரியாது. காய்ச்சலா, ஒரு வெள்ளை மாத்திரை. வயிற்றுப்போக்கா, அதே மாத்திரையில் பாதி. இரண்டாயிரமாவது வருடம் தேயிலை விலை விழுந்து டாக்டர் வருவதும் நின்ற பிறகு மனுஷனைக் கையில் பிடிக்க முடியவில்லை. டாக்டர் விட்டுப்போன ஸ்டெதஸ்கோப்பைக் கழுத்தில் போட்டுக்கொண்டு, தன்னையே டாக்டர் என்று கூப்பிடச் சொன்னார். வெட்கங்கெட்ட ஜன்மம்.

அந்த மழைக்காலத்தில் கொழுந்து பறிக்கும் ஆண்டாயி, மூன்று மாத நாய்க்குட்டியைத் தூக்கிக்கொண்டு டிஸ்பென்சரிக்கு ஓடிவந்தாள். இருமல் மருந்து கேட்டு நானும் அங்கே நின்றிருந்தேன். குட்டியின் மூக்கில் ரத்தம் ஒழுகியது, மூச்சுக்குத் திணறியது. பிழைப்புத் தேடி லைன் வீட்டுக்காரர்கள் எல்லாரும் திருப்பூருக்குப் போய்விட, காட்டோரத்து வீட்டில் தனியாகக் கிடந்தவள் அவள். யானை வந்தால் குரைத்துச் சொல்ல அந்தக் குட்டியை விட்டால் வேறு நாதியில்லை.

கம்பவுண்டர் எழுந்திருக்கக்கூட இல்லை. எலிமருந்து தின்றிருக்கும், ஓடையில் வீசிவிட்டு வா என்றார். அவள் கும்பிட்டுக் கெஞ்சவும், தொல்லை தாங்காமல் தன் மூக்குப்பொடி டப்பாவைத் திறந்தார். குட்டியின் மூக்கில் ஒரு சிட்டிகை ஊதினால் எல்லாம் தும்மலில் வந்துவிடுமாம். என்ன வைத்தியமோ!

குட்டி மிரண்டு தலையைத் திருப்பியது. மூக்குக்குள் கறுப்பாய் ஏதோ நெளிந்து மறைந்ததை ஆண்டாயி பார்த்துவிட்டாள். டப்பாவைத் தட்டிவிட்டாள். ஓடைத் தண்ணீர் குடிக்கும்போது ஏறிய அட்டை அது. அட்டைக் காட்டில் இருபது வருடம் சம்பளம் வாங்கியவருக்கு அது தெரியவில்லை, பாருங்கள்.

மேசைமேல் இருந்த ட்ரேயில் தண்ணீர் ஊற்றி, குட்டியின் மூக்கை அதற்கு நேராகப் பிடித்துக்கொண்டாள். நான் கால்களைப் பிடித்தேன். நெடுநேரம் ஒன்றுமில்லை. குட்டி வாயால் மூச்சை இழுத்தது. பிறகு தண்ணீரைத் தேடி அட்டை தலை நீட்டியது. அவள் அவசரப்படவில்லை. இன்னும் நீளட்டும் என்று காத்திருந்து, வழுக்காமல் முந்தானையால் பிடித்து, அறுந்துவிடாமல் மெல்ல மெல்ல இழுத்தாள். விரல் நீளம் வந்தது. குட்டி இரண்டு முறை தும்மிவிட்டு ட்ரே தண்ணீரை நக்கியது.

ஆண்டாயி அட்டையை அவர் மேசையில் வைத்தாள்.

“போன வருசம் என்ற ஊட்டுக்காரரு நெஞ்சு வலிக்குதுன்னு இதே பெஞ்சுல படுத்திருந்தாருங்க. வாயுன்னு சொன்னீங்க. நானும் நம்பி ஊட்டுக்குக் கூட்டிட்டுப் போயிட்டேன். விடியறதுக்குள்ள போயிட்டாருங்க.”

சில்வஸ்டர் கடிகாரத்தைப் பார்த்தார். மணி நாலாகிவிட்டது, டிஸ்பென்சரியைப் பூட்ட வேண்டும் என்றார்.