லெப்ற் அவுட்டுக்கு ஒரு மாலை

ரொறன்ரோவின் அஜின்கோர்ட்டில் நாங்கள் வாடகைக்கு இருந்த வீட்டின் மேல்தளத்துச் சுவரில் ஒரு இங்கிலீஸ்காரரின் படம் தொங்கியது. கோடு போட்ட சேட்டு, முழங்காலை மூடிய காற்சட்டை, நடு உச்சி பிரித்த தலை, காலடியில் தோற்பந்து. வீட்டுக்கார அம்மையாரின் தகப்பனார் அவர்.

நாங்கள் இருந்தது பேஸ்மென்றில். வாடகைப் பேச்சு மூன்று பேருக்குத்தான்: அப்பா, அம்மா, நான். ஆனால் தொண்ணூறுகளில் எங்கள் சனத்தின் பேஸ்மென்றுகளில் இந்தக் கணக்கு நிலைத்து நின்றதில்லை. அம்மாவின் தம்பி ஊரிலிருந்து வந்து சேர்ந்தார். அம்மையாருக்கு அது தெரியாது. மாமா பின்கதவால் போய்ப் பின்கதவால் வருவார். அவருக்கு இடது காலில் இழுவை இருந்தது. படியிறங்கும் சத்தம் தனியாகக் கேட்கும். அந்த நேரம் பார்த்து அம்மா கிரைண்டரைப் போடுவார். இந்தச் சனம் இவ்வளவு சம்பலா சாப்பிடுகிறது என்று அம்மையார் நினைத்திருக்கக்கூடும்.

ஒரு மாரியில் அம்மையார் இடுப்பு ஒப்பரேஷனுக்குப் போனார். பூச்சாடிகளுக்குத் தண்ணீர் ஊற்றச் சொல்லித் திறப்பை அம்மாவிடம் கொடுத்திருந்தார். அம்மா என்னையும் மாமாவையும் கூட்டிக்கொண்டு மேலே போனார். போனவர் பூச்சாடியைப் பார்க்கவில்லை; படத்துக்கு முன்னால் போய் நின்றார்.

“உவர் ஆரடி?”

“அவவின்ர அப்பா. புட்போல் விளையாடி உழைச்சவராம். எப்பவோ செத்துப்போனார்.”

“செத்த மனுசனுக்கு ஒரு பொட்டுக்கூட இல்லை. ஆணி அறைஞ்சு கொழுவிப்போட்டு விட்டிட்டினம்.”

மாமா படத்தின் காலைத்தான் பார்த்துக்கொண்டு நின்றார். “பந்து இடக்காலடியில நிக்குது. லெப்ற் அவுட்,” என்றார். ஊர்க் கழகத்தில் அவரும் அந்த இடது ஓர முன்வரிசையில் ஆடியவர்தான், ஷெல் துண்டு படும்வரைக்கும்.

வெள்ளிக்கிழமை அம்மா தலை தோய்ந்துவிட்டு, சந்தனம், குங்குமம், எங்கள் பிள்ளையாருக்கு வாங்கிய பிளாஸ்ரிக் மல்லிகை மாலை எல்லாவற்றோடும் மேலே ஏறினார். படத்தின் கண்ணாடியில் பொட்டு வைத்து, மாலை போட்டு, குத்துவிளக்கும் ஏற்றினார். ஒரு தட்டில் உளுந்து வடை. பக்கத்தில் பால் தேத்தண்ணி. “வெள்ளைக்காரர், தேத்தண்ணி இல்லாமல் ஏலாது,” என்றார்.

“அக்கா, மனுசி வந்து கண்டா எங்களைச் சாமானோட வெளியில விடும். இந்தச் சினோக் குளிருக்குள்ள எங்க போறது?”

“நீ பேசாமல் நில். ஆண்டவன் பாத்துக்கொள்ளுவான்.”

ஆண்டவன் பார்த்துக்கொண்டுதான் இருந்திருப்பார். அடுத்த கிழமை வருவதாக இருந்த அம்மையாரை ஆஸ்பத்திரியிலிருந்து அன்றைக்கே வீட்டுக்கு விட்டுவிட்டார்கள். வாசலில் டாக்சி நின்றதும் மாமா குசினிக்குள் ஒளிந்தார். அம்மையார் நடைவண்டியைத் தள்ளிக்கொண்டு வந்து படத்துக்கு முன்னால் நின்றார். இது யார் செய்த வேலை என்று கேட்டார்.

அம்மாவுக்கு இங்கிலீஸ் வராது. “ஆள் பட்டினியாக் கிடந்தவர், அதுதான் எண்டு சொல்லு,” என்றார். நான் அப்படியே சொன்னேன். அம்மையார் வடையைப் பார்த்தார்.

அப்போதுதான் குசினியிலிருந்து மாமா காலை இழுத்துக்கொண்டு வந்தார். படத்தைக் காட்டி, “லெப்ற் அவுட்,” என்றார். பிறகு தன் நெஞ்சைத் தொட்டு, “மீ ஓல்சோ,” என்றார்.

இவர் யார், எங்கே இருக்கிறார் என்று அம்மையார் என்னைக் கேட்டார். விளக்குக்கு முன்னால் பொய் சொல்லக்கூடாது என்று அம்மா என்னைப் பழக்கியிருந்தார். எரிகிற விளக்கு அருகிலேயே இருந்தது. “என் மாமா. கீழே எங்களோடு இருக்கிறார்,” என்றேன்.

அம்மையார் மாமாவின் காலை வெகுநேரம் பார்த்தார். பிறகு கதிரையில் இருந்துகொண்டு தகப்பனின் கதையைச் சொன்னார். நான் தமிழில் சொல்லிக்கொண்டு வந்தேன். நிலக்கரிச் சுரங்கத்தில் வேலை செய்த பொடியன். பக்கத்து ஊர்க் கழகம் ஓட்டத்தைக் கண்டு சம்பளத்துக்கு எடுத்தது. சனிக்கிழமைகளில் ஊரே வந்து அவர் பெயரைச் சொல்லிக் கத்தும். கோடையில் ஆட்டம் இல்லை; திரும்பவும் சுரங்கம். பிறகு முதலாம் உலக யுத்தம். முழங்காலில் இரும்புத் துண்டோடு வந்தவரைக் கழகம் ஒரு பருவம் வைத்துப் பார்த்துவிட்டு நிறுத்திவிட்டது. கப்பலேறி ரொறன்ரோ வந்து ரயில் யார்ட்டில் வேலை. பந்தைப் பற்றி வாயே திறக்கவில்லை. இந்தப் படமும் செத்த பிறகு பெட்டிக்குள்ளிருந்து எடுத்ததுதான்.

“விளையாட்டுப் பாக்கவெண்டாலும் போறவரோ, கேள்,” என்றார் அம்மா.

கேட்டேன். “ஒருநாளும் இல்லையாம். மட்ச் நடக்கிற நாளெல்லாம் ஓவர்டைம் செய்யப் போயிடுவாராம்.”

அம்மா திரும்பி மாமாவைப் பார்த்தார். நான்தான் ஏதோ பிழையாகச் சொல்லிவிட்டேன் என்று நினைத்தேன். மாமா கோப்பையை எடுத்து, “தேத்தண்ணி ஆறிப்போச்சு, சூடாக்கிக்கொண்டு வாறன்,” என்று குசினிக்குள் போனார்.

அம்மையார் மாலையைக் கழற்றச் சொல்லவில்லை. என்னிடம் மட்டும், “பின்படி முழுக்க ஐஸ். அந்தக் காலோடு அதில் நடக்க வேண்டாம். உன் மாமாவை முன்கதவால் வரச்சொல்,” என்றார். பிள்ளையார் செயல் என்று அம்மா இன்றைக்கும் சொல்லுவார்.

அந்தக் கோடையில் எங்கள் ஊர்ச் சங்கம் பார்க்கில் உதைபந்தாட்டம் வைத்தது. அப்பாவும் அம்மாவும் நானும் போனோம். மாமா அன்றைக்கும் ரெஸ்ரோரன்றில் கோப்பை கழுவ ஓவர்டைம் எடுத்துக்கொண்டார். அடுத்த கோடையிலும் அப்படித்தான்.

என் மாமாவைப்போல வேலையில் விருப்பமுள்ள மனிதர் ஒருவரும் இல்லை என்று நான் பள்ளிக்கூடத்தில் பெருமையாகச் சொல்லித் திரிந்தேன்.