ஏற்றத்தில் அழுத ஜீப்

ஜீப் முதன்முதலாக அழுதது எழுபத்தொன்பதாம் வருஷம், கார்த்திகை பிறந்து நாலாம் நாள். ஆலங்காயத்திலிருந்து மருந்துப் பெட்டிகளை ஏற்றிக்கொண்டு ஜவ்வாது மலைமேல் வந்துகொண்டிருந்தார்கள். காலை ஒன்பது மணி இருக்கும். பனிமூட்டம் இன்னும் பாதையை விட்டு எழுந்திருக்கவில்லை. ஏற்றம் கடுமையாகும் இடத்தில் டிரைவர் பஞ்சாட்சரம் கியரை இறக்கினான். உடனே முன்பக்கத்திலிருந்து மெல்லிய குரல் ஒன்று கிளம்பியது. பல்லைக் கடித்து அடக்கிப் பார்த்து, முடியாமல் ஒருத்தி அழுவாளே, அந்தக் குரல். ஏற்றம் கூடக் கூட அதுவும் கூடியது. சமதரைக்கு வந்ததும் விம்மலாகக் குறைந்து நின்றது.

"பெல்ட்டு வழுக்குதுங்க நர்சம்மா," என்றான் பஞ்சாட்சரம். அவன் கழுத்தெல்லாம் வியர்த்திருந்தது. அந்தக் குளிரில் வியர்க்கிறவன் சொல்வதை நம்ப மங்கம்மாள் என்ன பச்சைப் பிள்ளையா. ஆனாலும், "சரி, பாத்து ஓட்டு," என்று மட்டும் சொன்னாள். அது யாருடைய குரல் என்று இருவருக்கும் ஒரே பெயர்தான் தோன்றியது.

மங்கம்மாள் போளூர்ப் பக்கத்துக்காரி. கல்யாணமான இரண்டாம் வருஷம் புருஷன் வேறொருத்தியோடு பெங்களூருக்குப் போய்விட்டான். மூன்று நாள் அழுதாள். நான்காம் நாள் நர்ஸ் படிப்புக்கு மனு எழுதினாள். மலைமேல் அத்திக்குட்டை என்ற ஊரில் ஒரு தர்ம ஆஸ்பத்திரி இரண்டு அறை கட்டிப் போட்டிருந்தது. அங்கே போக ஆள் கிடைக்காமல் அவர்கள் திண்டாடியபோது, தகரப் பெட்டியோடு வந்து இறங்கியவள் இவள்தான். பத்து வருஷமாயிற்று. வாய் கொஞ்சம் ஜாஸ்தி, கை அதைவிட ஜாஸ்தி. கூரை ஒழுகினால் ஆளுக்குச் சொல்லி அனுப்பிக் காத்திருக்க மாட்டாள். ஏணியை வைத்து அவளே ஏறிவிடுவாள். சரியாக அடைத்தாளா என்பது அடுத்த மழையில்தான் தெரியும்.

மலை ஜனங்கள் அவளை நம்ப ஆறு வருஷம் பிடித்தது. அதன்பிறகுதான் பெண்கள் பிரசவத்துக்கு அவளைக் கூப்பிட ஆரம்பித்தார்கள். ஜீப் வந்த பிறகு, கை மீறிய கேஸ்களை அதில் ஏற்றிக் கீழே பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனாள். மூன்று வருஷத்தில் பதினேழு பேர். எல்லோரும் பிள்ளையோடு திரும்பி வந்தார்கள். பதினெட்டாவது ஆள் சுந்தரம்மாள்.

ஐப்பசி மழையில், பிள்ளை வயிற்றிலேயே இறந்து, இரத்தம் நிற்காமல் போய்க்கொண்டிருந்தபோது சுந்தரம்மாளை ஏற்றினார்கள். நெல்லிமரத் திருப்பத்தில் அவள் மங்கம்மாளின் மடியிலேயே அடங்கிப்போனாள். வயது இருபத்திரண்டு. சரியாக இருபது நாள் கழித்து ஜீப் அழ ஆரம்பித்தது.

இப்படிப்பட்ட சங்கதி எத்தனை நாளைக்கு மறைந்திருக்கும்? ஒரு வாரத்துக்குள் சுற்றுவட்டாரமே கேட்டுவிட்டது. சாமைக் கொல்லையில் களை எடுக்கிறவர்கள் ஜீப் ஏறி வரும் சத்தம் கேட்டால் வேலையை விட்டுவிட்டு மரத்துக்குப் பின்னால் போய் நின்றார்கள். ஒருநாள் சுந்தரம்மாளின் தாய் அம்மாக்கண்ணு வந்து பாதையோரம் நின்றாள். ஜீப் ஏற்றத்தில் மெதுவாக ஊர்ந்தபோது அதன் பக்கத்திலேயே நடந்தாள். தகரத்தில் காதை வைத்துக் கேட்டாள். "எம் பொண்ணுதான்," என்றாள் கூட வந்தவர்களிடம். "சின்ன வயசுலயும் இப்படித்தான் அழுவா. அடக்கினு அழுவா."

அன்றிலிருந்து அவள் தினமும் வந்தாள். ஏற்றத்தின் அடியில் காத்திருந்து, ஜீப்போடு மேலே வரைக்கும் நடந்து திரும்பிப் போனாள். மங்கம்மாளுக்கு அவள் முகத்தைப் பார்க்கப் பயமாக இருந்தது.

பெற்ற தாயே சொன்ன பிறகு யார் அந்த ஜீப்பில் ஏறுவார்கள்? ஒருவரும் ஏறவில்லை. அப்போதுதான் செல்லம்மா என்ற பெண்ணுக்கு ஒன்பதாம் மாதம் நடந்துகொண்டிருந்தது. முகம், கால் எல்லாம் வீக்கம். முதல் பிரசவத்திலேயே இரத்தம் கொட்டிப் பிழைத்தவள். இப்போது கீழே கொண்டுபோகாவிட்டால் தாயும் மிஞ்ச மாட்டாள், பிள்ளையும் மிஞ்சாது. இதை மங்கம்மாள் அவள் புருஷன் முனியனிடம் நாலு தரம் போய்ச் சொன்னாள். கெஞ்சினாள், திட்டினாள். அவன் தரையைப் பார்த்தபடி ஒரே பதிலைச் சொன்னான்: "செத்தவ உக்காந்து அழுவுற வண்டி நர்சம்மா. அதுல எப்படி ஏத்துவேன்? பஸ்ஸுல வேணா அனுப்புறேன்." பஸ் நாளுக்கு இரண்டு தரம்தான். அது மலையிறங்கும் குலுக்கலில் செல்லம்மா பாதி வழி தாங்க மாட்டாள் என்பது மங்கம்மாளுக்குத் தெரியும்.

நான்காவது தரம் போய்விட்டுத் திரும்பும்போது, வழியில் யாரிடமோ பேசப் பஞ்சாட்சரம் இறங்கினான். இஞ்சின் ஓடிக்கொண்டிருந்தது. பிற்பகல்தான், ஆனால் பனி இறங்கி நாலடிக்கு அப்பால் எதுவும் தெரியவில்லை. நின்ற இடத்திலேயே அந்தக் குரல் எழுந்தது. ஏற்றமும் இல்லை, பாரமும் இல்லை. மங்கம்மாள் தனியாக உட்கார்ந்திருந்தாள். கைகள் மடியில் அந்தத் தலையின் கனத்தைத் தேடின. பொறுக்க முடியாமல், "சுந்தரம், இன்னாடி வேணும் உனக்கு?" என்று கேட்டுவிட்டாள்.

குரல் நின்றது. ஒரு மூச்சு விடும் நேரம். பிறகு முன்னைவிட நீளமாக, இழுத்து இழுத்து அழுதது. மங்கம்மாள் செருப்பை உள்ளேயே விட்டுவிட்டு வெளியே குதித்து ஓடினாள். பத்து வருஷத்தில் எத்தனையோ பிணம் பார்த்தவள் அப்படி ஓடினாள் என்றால், பயம் எவ்வளவு இருந்திருக்கும் என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

ஆனால் மங்கம்மாள் அசைந்து கொடுக்கிற ரகம் இல்லை. பேயோ பிசாசோ, சத்தம் இஞ்சினிலிருந்து வருகிறது, இஞ்சினை அறிந்தவன் பார்க்கட்டும் என்று மறுநாளே பஸ் கண்டக்டரிடம் சீட்டு கொடுத்தனுப்பினாள். ஆலங்காயத்திலிருந்து மெக்கானிக் சிங்காரம் அடுத்த நாள் காலை பஸ்ஸில் வந்து இறங்கினான். எல்லா வண்டிச் சொந்தக்காரர்களையும் ஒரே மாதிரி திட்டுகிறவன். அன்றும் பானெட்டைத் திறக்குமுன்பே பஞ்சாட்சரத்தைத் திட்டி முடித்தான். ஊர் தூரத்தில் நின்று பார்த்தது. அம்மாக்கண்ணு மட்டும் கிட்டே வந்து நின்றாள்.

இஞ்சினைக் கிளப்பி ஆக்ஸிலேட்டரை அழுத்தச் சொன்னான் சிங்காரம். அழுகை கிளம்பியது. கூட்டம் இரண்டடி பின்வாங்கியது. அவன் தலையைச் சாய்த்துக் கேட்டுக்கொண்டே இருந்தான். பிறகு ஆயில் அளவு பார்க்கும் குச்சியை மெல்ல உருவினான். அழுகை சட்டென்று நின்றது. குச்சியைத் திரும்பச் செருகினான். அழுதது. உருவினான், நின்றது. தொண்டையைப் பிடித்தும் விட்டும் விளையாடுவது போலிருந்ததை மங்கம்மாளால் பார்க்க முடியவில்லை. "போதும்பா," என்றாள்.

"இருங்க நர்சம்மா." ஆயில் ஊற்றும் வாயின் மூடியைக் கழற்றி உள்ளங்கையை அதன்மேல் வைத்தான். "நல்ல இஞ்சினுன்னா இங்க கையை லேசா உள்ள இழுக்கணும். இது வெளிய தள்ளுது பாருங்க. உள்ள காத்து அடைஞ்சி போய், போக வழி இல்லாம இந்தக் குச்சி ஓரமா பீச்சுது. அந்த சத்தம்தான் இது." இஞ்சினை நிறுத்தச் சொல்லிவிட்டு, பக்கத்தில் இருந்த ஒரு தகர டப்பாவைத் தட்டிக் காட்டினான். "இஞ்சின் வயித்துல சேர்ற புகை இது வழியாத்தான் போவணும். புகையோட வர்ற ஆயிலை உள்ள இருக்கிற கம்பிவலை பிடிச்சி நிறுத்திடும். பிரீதர் டப்பான்னுவோம். இதான் அடைச்சினு கீது."

டப்பாவைக் கழற்றிக் குலுக்கினான். உள்ளே வலை துருப்பிடித்து, தார் போல் இறுகிக் கிடந்தது. "இதுக்கு வேற போட்டே ஆவணும்," என்றவன், அதிலிருந்து வெளியே போகும் குழாயின் வாயைப் பார்த்து நிறுத்தினான். இரண்டு விரலை விட்டு எதையோ இழுத்தான். கறுப்பாக, ஈரமாக, ஒரு முழ நீளத்துக்கு வந்துகொண்டே இருந்தது. கூட்டத்தில் ஒரு பெண் கண்ணைப் பொத்திக்கொண்டாள்.

மங்கம்மாள் அதைப் பார்த்த மாத்திரத்தில் தெரிந்துகொண்டாள். மடித்து மடித்துச் செருகி, நுனியில் பிளாஸ்திரி ஒட்டிய, காயத்துக்குக் கட்டும் காஸ் துணி. இந்த மலையில் இரத்தம் நிறுத்த அப்படி மடிக்கிற கை ஒன்றே ஒன்றுதான் இருந்தது. சிங்காரம் துணியைப் பார்த்தான், அவள் முகத்தைப் பார்த்தான், கையை மூடிக்கொண்டான். வாய்தான் கெட்ட வாயே தவிர மனுஷன் கெட்டவன் இல்லை. "எலி கூடு கட்டியிருக்குது," என்று ஊருக்குக் கேட்கும்படி சொன்னான். மங்கம்மாள் மறுக்கவில்லை. அன்றைக்கு அவளுக்கு அவ்வளவுதான் தைரியம் இருந்தது.

சிங்காரம் மதிய பஸ்ஸில் இறங்கிப் போய், வாணியம்பாடியில் ஒரு பழைய ஜீப்பிலிருந்து நல்ல டப்பாவாகக் கழற்றி, மண்ணெண்ணெயில் கழுவி மறுநாள் கொண்டுவந்தான். கசியாதபடி புது கேஸ்கட் வைத்து மாட்டினான். குழாயை மாற்றி, புகை உள்ளே வராதபடி அதன் வாயை வண்டிக்கு அடியில் திருப்பிவிட்டான். கையை வைத்துப் பார்த்தான். இஞ்சின் உள்ளங்கையை லேசாக இழுத்தது. பஞ்சாட்சரம் ஏற்றத்தில் ஒருமுறை ஓட்டிக் காட்டினான். வெறும் இஞ்சின் சத்தம்தான். அம்மாக்கண்ணு வழக்கம்போல் பக்கத்தில் நடந்து வந்தாள். பாதி ஏற்றத்தில் நின்றுவிட்டாள்.

மங்கம்மாள் அந்த ஜீப்பிலேயே நேராக முனியன் வீட்டு வாசலுக்குப் போனாள். "கேட்டியா? இப்போ சத்தமே இல்ல. ஏத்து அவளை."

முனியன் முகம் முன்னைவிட வெளுத்திருந்தது. "இத்தினி நாளு அழுதினு இருந்தா நர்சம்மா. இப்போ வாயை மூடிகினு உக்காந்துனு கீறா. யாரை இட்னு போவலாம்னு பாத்துனு கீறா. எலிக்கூடுன்னா எம் மச்சாள் மாதிரி அழுவுமா?" சுந்தரம்மாள் அவனுக்கு உறவு. வாசலில் கூடியவர்கள் எல்லோரும் அதையேதான் நினைத்தார்கள். அழுகையாவது இருக்கும் இடத்தைக் காட்டியது. இந்த அமைதி எங்கே உட்கார்ந்திருக்கிறது என்று யாருக்கும் தெரியவில்லை. உள்ளே செல்லம்மா சுவரில் சாய்ந்து மூச்சு வாங்கிக்கொண்டிருந்தாள். கண் மங்குகிறது என்று காலையிலிருந்து சொல்கிறாளாம்.

கண் மங்கினால் அடுத்தது வலிப்பு. இனி மணிக்கணக்குத்தான். மங்கம்மாள் பொய்யைக் கைவிட்டாள். சொன்னால் இந்தக் கையை இனி எந்தப் பெண்ணும் தன்மேல் படவிட மாட்டாள் என்று தெரிந்தேதான் சொன்னாள்.

"எலிக் கூடு இல்ல முனியா. அது என் துணி. நாந்தான் அடைச்சேன். சுந்தரம் போன மறுநாளு, பஞ்சாட்சரம் டீ குடிக்கப் போயிருக்கும்போது, அந்தக் குழாயில இருந்து புகை வந்துனு இருந்துது. அதுல துணியைத் திணிச்சி பிளாஸ்திரி போட்டேன். அது ஆயில்ல ஊறி இறுக இருவது நாளு ஆயிருக்குது. அழுதது இஞ்சினு. அழ வெச்சது நானு."

"எதுக்கு அடைச்ச?" கேட்டது முனியன் இல்லை. அம்மாக்கண்ணு ஏற்றத்திலிருந்து வந்து பின்னால் நின்றிருந்தாள்.

மங்கம்மாள் திரும்பினாள். "அந்தப் புகை வண்டிக்குள்ள அடிக்கும் பெரியம்மா. உம் பொண்ணு கடைசியா அதைத்தான் சொன்னா. 'புகை நாத்தம் தாங்கல அக்கா, மூச்சு முட்டுது'ன்னா. வேற ஒண்ணும் சொல்லல. என்னால ரத்தத்தையும் நிறுத்த முடியல, புகையையும் நிறுத்த முடியல. அடுத்து வர்ற பொண்ணுக்காவது அது வேணாம்னு அடைச்சேன்." எல்லோர் முன்னாலும் நின்று அழுதாள்.

அம்மாக்கண்ணு அவளையே பார்த்துக்கொண்டிருந்தாள். "ஒரு மாசமா அந்த வண்டி பின்னாடி நடந்தேன்," என்றாள் கடைசியில். "இன்னா சொல்றா, இன்னா சொல்றான்னு காதை வெச்சி வெச்சிக் கேட்டேன். ஒரு வார்த்தை வெளங்கல. நீ வார்த்தையை வெச்சினு சும்மா இருந்துட்டியே நர்சம்மா."

அந்தச் சொல்லை மங்கம்மாள் எந்தக் காலத்திலும் மறக்கவில்லை. அதற்குப் பிறகு பதினோரு வருஷம் அந்த மலையில் வேலை பார்த்தாள். செத்தவர்கள் கடைசியாகச் சொன்னதை, ஒன்றுமில்லாத சொல்லாக இருந்தாலும், அன்றே அவர்கள் வீட்டுக்கு நடந்துபோய்ச் சொல்லிவிடுவாள்.

அம்மாக்கண்ணு முனியனை விலக்கிக்கொண்டு உள்ளே போனாள். செல்லம்மாவின் கையைப் பிடித்துத் தூக்கினாள். அந்த மலையில் செத்தவர் படுத்திருந்த இடத்தில் அவர் இரத்த சொந்தம் உட்கார்ந்து எழும்வரை மற்றவர் உட்கார மாட்டார்கள். வாசலில் நின்ற பாதிப் பேருக்கு அந்த நினைப்பே அப்போதுதான் வந்தது. அம்மாக்கண்ணு ஜீப்பில் முதலில் ஏறினாள். தன் பெண் கிடந்த பலகையில் உட்கார்ந்தாள். மூக்கை உறிஞ்சி நாலாபக்கமும் மோந்து பார்த்தாள். இஞ்சின் ஓடிக்கொண்டுதான் இருந்தது.

பிறகு எழுந்து நகர்ந்து, அந்த இடத்தைக் கையால் தட்டிக் காட்டினாள். "வா செல்லம்மா. இங்க படுத்துக்கோ. இப்போ புகை இல்ல."