கண்ணாடிக்கு வெளியே நின்ற வதனி அக்கா

பக்கத்து உணவகத்தில் மட்டன் ரோல்ஸ் பொரிக்கும் வாசம்... எங்கள் கண்ணாடிக் கதவில் ஒட்டியிருந்த பெரிய விமானப் படம்... அந்த விமானத்தின் இறக்கைக்குக் கீழே, வெளியிலிருந்து உள்ளே எட்டிப் பார்க்கும் ஒரு முகம்.

அதுதான் வதனி அக்கா.

பாரிஸில் தமிழ்க் கடைகள் நிறைந்த லா ஷப்பல் பகுதி, ரூ லூயி-பிளாங் தெரு. அங்கே ஒரு டிராவல் ஏஜென்சி. திருச்சியிலிருந்து மாஸ்டர்ஸ் படிக்க வந்த நான், சனிக்கிழமைகளில் அங்கே பார்ட் டைமாக டிக்கெட் போட்டுக்கொண்டிருந்தேன். யாழ்ப்பாணத்து வதனி அக்கா அங்கே முழுநேர வேலை. வீடு பாரிஸுக்கு வெளியே, கார்ஜ் லே கொனெஸ் என்கிற புறநகரில். ஒரே மகள், அபி.

அபி ஜிம்னாஸ்ட். கார்ஜில் குட்டிக்கரணம் போடத் தொடங்கியவள், ஸ்காலர்ஷிப்பில் ஒரு அமெரிக்கக் காலேஜின் பெண்கள் அணிக்கே போய்விட்டாள். நானோ ஸ்கூலில் கயிறு தாண்டினாலே கால் சுளுக்கிக்கொள்ளும் ரகம். எனக்கு அவள் வேறு கிரகத்துப் பெண்.

ஒரு கிறிஸ்துமஸ் லீவுக்கு வந்தபோது கடையில் உட்கார்ந்து கதை கதையாகச் சொன்னாள். பாதி பிரெஞ்சு, பாதி தமிழ்.

"முந்தி இந்தக் காலேஜ் போட்டியைப் பொம்பிளையளே தங்கடை சங்கம் வச்சு நடத்தினவையாம், அக்கா. ஸ்காலர்ஷிப் ஒண்டும் இல்லையாம். கேக் வித்த காசிலை பஸ் பிடிச்சுப் போவினமாம். எங்கடை ஜிம் சுவர் முழுக்க அவையின்ரை படம்தான்."

பிறகுதான் ஆண்கள் போட்டிகளை நடத்தும் பெரிய சங்கம் இதையும் எடுத்துக்கொண்டதாம். ஒலிம்பிக்ஸில் பத்துக்குப் பத்து என்கிற மார்க்கையே விட்டுவிட்டார்கள், காலேஜில் மட்டும் இன்னும் வைத்திருக்கிறார்கள் என்றாள். வாயைத் திறந்தபடி கேட்டுக்கொண்டிருந்தேன். நம்ம கார்ஜ் பொண்ணு அந்தச் சுவருக்குக் கீழே பிராக்டிஸ் பண்ணுகிறாளே என்று மலைப்பாக இருந்தது.

ஆனால் வதனி அக்கா ஒரு போட்டியைக்கூடப் பார்த்ததில்லை. பயம்.

கடைக் கம்ப்யூட்டரில் நாங்கள் போட்டியைப் போட்டுப் பார்ப்போம்; அபியின் முறை வந்தால் அக்கா கடைக்கு வெளியே போய் நிற்பார். கண்ணாடி வழியாக எங்கள் முகத்தைப் பார்ப்பார். முடிந்ததும் நான் தலையாட்ட வேண்டும்... அப்புறம்தான் உள்ளே வருவார். வருஷக் கணக்கில் மகளின் விளையாட்டை எங்கள் மூஞ்சியில்தான் பார்த்தார்.

அபியின் கடைசி வருஷம். முழங்கால் ஆபரேஷன் முடிந்து தேறி வந்திருந்தாள். அணி சாம்பியன்ஷிப் ஃபைனலுக்கு வந்துவிட்டது. அங்கே மதியம், எங்களுக்குச் சாயங்காலம். முதலாளி அண்ணை டிக்கெட் போடும் மானிட்டரை வாடிக்கையாளர் பக்கம் திருப்பி வைத்தார். அன்றைக்கு யாருக்கும் டிக்கெட் கிடையாது.

அபிக்கு பேலன்ஸ் பீம். ஆள் நெஞ்சுயரத்தில் நீளமாக ஒரு கட்டை, உள்ளங்கை அகலம்தான் இருக்கும், அதன் மேல் பல்டி. அக்கா பையை எடுத்துக்கொண்டு கிளம்பினார்.

"இவள் விழுந்தா மற்றப் பிள்ளையளின்ரை பாடும் எல்லே வீணாப் போகும்? பிறகு எந்த முகத்தோடை அதுகளைப் பாப்பாள்?"

சொல்லிவிட்டு வெளியே போய்விட்டார்.

மூன்றாவதாக ஏறினாள் அபி. முதல் பல்டி சுத்தமாக வந்தது. இரண்டாவதில் கால் வழுக்கியது.

விழுந்துவிட்டாள்.

நான் முகத்தை மறைப்பதற்குள் அக்கா பார்த்துவிட்டார். அபி திரும்ப ஏறி முடித்த பிறகுதான் கதவைத் தள்ளிக்கொண்டு வந்தார்.

"அடிபட்டுட்டுதோ?"

"இல்லக்கா, திரும்ப ஏறி முடிச்சுட்டா."

"எல்லாம் போச்சு என்ன..." என்றார் அண்ணை.

"போகல அண்ணே. ஆறு பேர் பண்ணுவாங்க, நல்ல அஞ்சு மார்க்கைத்தான் எடுப்பாங்க. இன்னும் மூணு பேர் இருக்காங்க. அவங்க விழாம நின்னுட்டா அபி விழுந்தது கணக்குலயே வராது."

அபிதான் ஒருமுறை எனக்கு இதைச் சொல்லிக் கொடுத்திருந்தாள். அம்மாவிடம் சொன்னாளோ இல்லையோ.

அக்கா ஒரு நாற்காலியை இழுத்து மானிட்டருக்கு நேரே போட்டு உட்கார்ந்தார். பெற்ற மகளுக்காக ஒருநாளும் பார்க்காதவர், பெயர்கூடத் தெரியாத மூன்று பெண்களை இமைக்காமல் பார்த்தார்.

"விழுந்திடாதை ராசாத்தி... நில்லு... நில்லு..."

நாலாவது பெண் நின்றாள். ஐந்தாவது பெண் தடுமாறி, கைகளை விரித்துச் சமாளித்து நின்றாள். அக்கா என் கையைப் பிடித்த பிடியில் வளையல் அழுந்தியது. கடைசிப் பெண் காற்றில் சுழன்று இறங்கி, ஆணி அடித்த மாதிரி நின்றாள்.

கேமரா அபியைக் காட்டியது. ஓரமாக அழுதுகொண்டிருந்தவளை, அந்தப் பெண்கள் ஓடி வந்து அப்படியே தூக்கிவிட்டார்கள்.

"என்ரை பிள்ளையைத் தூக்கினம் பாரடி," என்று அக்கா அழுதார். எனக்கும் கண் முட்டிக்கொண்டு வந்தது. அன்றைக்குக் கப் வேறு அணிக்குப் போனது. அக்கா அதைக் கேட்கக்கூட இல்லை.

இப்போது அந்த ஏஜென்சி இல்லை. அங்கே போன் கவர் விற்கிறார்கள். நான் ஆபீஸ், மீட்டிங் என்று ஓடிக்கொண்டிருக்கிறேன். அபி லியோனில் பிசியோதெரபிஸ்ட். விளையாட்டை விட்டே பல வருஷமாகிறது.

ஆனால் வதனி அக்கா வருஷா வருஷம் அந்த ஃபைனலைப் பார்க்கிறார்... ஒரு பெண்ணையும் தெரியாது, முதலிலிருந்து கடைசி வரை பார்க்கிறார்.

இந்த ஏப்ரலில் நானும் RER D ரயில் பிடித்து கார்ஜுக்குப் போனேன். பெரிய டிவி, தட்டில் ரோல்ஸ். பீமில் யாரோ ஒரு சின்னப் பெண் விழுந்தாள். பழக்க தோஷம்... என் கண் நேரே வாசல் கதவுக்குப் போனது.

அங்கே யாருமில்லை. அக்கா என் பக்கத்தில்தான், டிவியை விட்டுக் கண்ணெடுக்காமல் இருந்தார்.

"ஆரின்ரை பிள்ளையோ தெரியேல்லை," என்றார். "இன்னும் ரெண்டு பேர் இருக்கினம். நீ எழும்பாதை, இருந்து பாப்பம்."